கோட்டைப் பார்க்கிற வேலை

போன மாதம் சுமதி போன் செய்தாள். விழுப்புரத்துக்காரி, என்னைவிடப் பத்து வயது சின்னவள். என்னைப் போலவே ஆண்கள் டென்னிஸ் போட்டிகளில் கோட்டு நடுவராக இருந்தவள். இருந்தவள் என்றுதான் சொல்ல வேண்டும். இப்போது பெரிய போட்டி எதிலும் கோட்டோரம் ஆள் நிற்பதில்லை. சுற்றிலும் கேமரா வைத்துவிட்டார்கள். பந்து வெளியே விழுந்தால் ஸ்பீக்கரில் ஒரு குரல் "அவுட்" என்கிறது. யாரோ ஏசி ரூமில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே பதிவு செய்து கொடுத்த குரல் அது. வெயிலும் கிடையாது, வேர்வையும் கிடையாது.

"அக்கா, நம்ம நடுவர் சங்கம் மலர் போடுது. புதுசா வர்றவங்களுக்கு நீ ஒண்ணு எழுதணும்" என்றாள்.

"புதுசா யாருடி வராங்க? மிஷினா படிக்கப் போவுது?"

"எழுதேன்க்கா. உன்னோட அந்த 'இன்னா' கதைய எழுது. ஆளுக்கொரு மாதிரி சொல்லிக்கினு இருக்காங்க."

அது உண்மைதான். அந்தக் கதை ஊர் ஊராகச் சுற்றி, புனேயில் நான் மயங்கி விழுந்ததாகவும் டெல்லியில் ஆட்டக்காரரை அறைந்ததாகவும் ஆகிவிட்டது. நான் யாரையும் அறையவில்லை. அறைந்திருக்க வேண்டிய ஆள் ஒருத்தர் இருந்தார், அவர் என் வீட்டுக்காரர். ஆகவே நடந்ததை நடந்தபடி நானே எழுதிவிடுகிறேன்.

என் பெயர் ருக்குமணி. கல்வராயன் மலைமேல் ஒரு அரசுப் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியை. இரண்டு வருஷம் முன்பு ஓய்வு பெற்றேன். வீடு சின்னசேலத்துக்குப் பக்கத்தில். வீட்டுக்காரர் மரவள்ளி போடுகிறவர். டென்னிஸ் மட்டையை என் முப்பத்தைந்தாவது வயது வரை நான் தொட்டதில்லை. தொட்டபிறகும் ஆடியதில்லை.

பின் எப்படி இதற்குள் வந்தேன்? எங்கள் தலைமையாசிரியர் செய்த தப்பு. டென்னிஸ் நடுவர் பயிற்சிக்குப் பள்ளிக்கு ஒருத்தரை அனுப்பச் சொல்லி ஒரு சுற்றறிக்கை வந்தது. அவர் அதை டென்னிகாய்ட் என்று படித்துவிட்டார். பெண்கள் பள்ளிகளில் ரப்பர் வளையத்தை வலைக்கு மேலே வீசிப் பிடித்து ஆடுகிறோமே, அது. நான் சுற்றறிக்கையைக் காட்டி, "சார், இது வேற" என்றேன். "எல்லாம் ஒண்ணுதாம்மா. நடுவுல வலை இருக்குதா இல்லியா?" என்று கேட்டார். இருக்கிறது. இரண்டு ரப்பர் வளையத்தைப் பையில் போட்டுக்கொண்டு சென்னைக்கு பஸ் ஏறினேன்.

பத்து நாள் பயிற்சி. முதல் மூன்று நாள் எனக்கு ஒன்றும் புரியவில்லை. பதினைந்து, முப்பது, அதற்கப்புறம் ஏன் நாற்பது என்று கேட்டேன். பயிற்சி கொடுத்தவருக்கும் தெரியவில்லை. நாலாம் நாள் ஒவ்வொருவராக நிற்க வைத்து "அவுட்" என்று கத்தச் சொன்னார்கள். எங்கள் பள்ளி மைதானம் ஒரு பக்கம் சரிவு. பந்து உருண்டால் காட்டுக்குள் போய்விடும், பின்னாலேயே பிள்ளைகளும் போய்விடுவார்கள். அதுகளைத் திரும்பக் கூப்பிட்டுக் கூப்பிட்டு வளர்ந்த தொண்டை இது. ஒரு "அவுட்" விட்டேன். மூன்று மைதானம் தள்ளி சர்வ் போட்டுக்கொண்டிருந்த ஒருவர் தன் பந்துதான் அவுட் என்று நினைத்துத் தலையில் அடித்துக்கொண்டார். அன்றைக்கே என்னைத் தேர்வு செய்துவிட்டார்கள்.

வேலை என்னவென்று வீட்டில் சொன்னபோதுதான் வம்பு ஆரம்பித்தது. "கோட்டைப் பாக்கற வேலை" என்றேன். டென்னிஸ் மைதானத்தில் போட்டிருக்கிற கோட்டை. என் மாமியார் அதைச் செஞ்சிக் கோட்டை என்று எடுத்துக்கொண்டுவிட்டார். தெரு பூராவும் போய், "எம் மருமவளுக்குக் கோட்டைய பாத்துக்கற வேலயும் குடுத்துட்டாங்க" என்று சொல்லிவிட்டு வந்தார். பக்கத்து வீட்டுக்காரி என்னை நிறுத்தி, "அம்மாம் படி ஏறி எறங்கறியே, முட்டி வலிக்கல? ராஜா கட்டில் இன்னும் கீதா?" என்று கேட்டாள். நான் விளக்கினேன். வெள்ளைக்கோடு, பந்து, வெளிநாட்டுக்காரர்கள். "அதுக்கு சம்பளம் வேற தர்றாங்களா?" என்றாள். அவள் குரலைக் கேட்டபிறகு செஞ்சிக் கோட்டையே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

சும்மா நின்று பார்ப்பது என்று நினைக்காதீர்கள். முதல் பாடமே, பந்தைப் பார்க்கக் கூடாது. மைதானத்தில் இருக்கிற அத்தனை பேரும் பந்தைப் பார்ப்பார்கள். நாம் மட்டும் அது வருவதற்கு முன்பே கண்ணைக் கோட்டில் கொண்டுபோய் உட்கார வைத்துவிட வேண்டும். குனிந்து, முட்டியில் கை வைத்து, கழுத்தை ஆட்டாமல். வெளியே விழுந்தால் முதலில் குரல், பிறகுதான் கை. உள்ளே விழுந்தால் இரண்டு உள்ளங்கையையும் தரையைப் பார்த்துக் காட்ட வேண்டும், அவ்வளவுதான். வாயே திறக்கக் கூடாது. கோட்டு நடுவர் வாயில் "இன்" என்ற சொல்லே கிடையாது. அவர் வாயைத் திறந்தாலே பந்து வெளியே போய்விட்டது என்றுதான் ஆடுகிறவர்கள் ஆட்டத்தை நிறுத்துவார்கள். இதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

எங்களுக்கு மேலே இருந்தவர் தாமோதரன் சார். கோயம்புத்தூர்க்காரர். தலைமை நடுவர். ஒல்லியான ஆள். சட்டைப்பையில் ஒரு நோட்டு, காதில் ஒரு பேனா. அவர் குரல் உயர்த்தி யாரும் கேட்டதில்லை, அதனால்தான் எல்லோருக்கும் அவர் என்றால் நடுக்கம். ஆட்டத்துக்கு முன்னால் எங்களை வரிசையாக நிறுத்தி, தொப்பி, சட்டைப் பொத்தான், ஷூ கயிறு என்று மேலிருந்து கீழே பார்த்துக்கொண்டு வருவார். கயிற்றில் ஒற்றை முடிச்சு இருந்தால் ஒன்றும் சொல்லமாட்டார். அங்கேயே நின்றுகொண்டிருப்பார். நாமாகக் குனிந்து இரண்டாவது முடிச்சுப் போடும்வரை நகரமாட்டார்.

முதல் வாரம் நான் அரையடி தள்ளி நின்றுவிட்டேன். ஆட்டம் முடிந்ததும் பக்கத்தில் வந்தார்.

"ஏனுங் அம்மணி, நீங்க நின்னது தப்புன்னு நான் சொல்லலீங். ஆனா கோடு உங்களுக்கு நேரா இல்லீங். ஒண்ணு நீங்க நகரோணும், இல்லாட்டி கோட்டை நகத்தோணும். எது சுலுவுன்னு நீங்களே சொல்லுங்."

எங்க ஊரில் யாராவது இப்படி மரியாதையாகத் திட்டினால் ஏதோ சொத்து கேட்கப் போகிறார்கள் என்று அர்த்தம். அன்று ராத்திரி சோறு இறங்கவில்லை.

இன்னொரு தடவை ஒரு ஆட்டக்காரர் என்னைப் பார்த்துத் தன் பாஷையில் ஏதோ சொன்னார். கெட்ட வார்த்தை காதில் விழுந்தால் நாங்கள் போய், உயரமான நாற்காலியில் உட்கார்ந்து ஆட்டத்தை நடத்துகிற மேல்நாற்காலி நடுவரிடம் சொல்ல வேண்டும், அது விதி. போய்ச் சொன்னேன். பிறகு தாமோதரன் சார் கூப்பிட்டு, "உங்களுக்கு அந்த பாஷை தெரியுங்ளா?" என்று கேட்டார். "தெரியாது சார். ஆனா அந்த மூஞ்ச வச்சிக்கினு எந்த பாஷைல சொன்னாலும் அது அதுதான் சார்" என்றேன். அவர் நோட்டைத் திறந்து எழுதினார். என்ன எழுதினார் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. ஆனால் விசாரித்ததில் நான் சொன்னது சரி.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். ஆண்கள் டென்னிஸ் வருஷம் முழுக்க நடக்கிற கூத்து. வாரத்துக்கு ஒரு நாடு, வாரத்துக்கு ஒரு தரை. உச்சியில் இருப்பவர்களுக்கு விமானமும் பெரிய ஹோட்டலும். கீழ்ப்படியில் இருப்பவர்கள் பையைத் தோளில் போட்டுக்கொண்டு, ரேங்கில் நாலு படி ஏறுவதற்காக நாடு நாடாக அலைவார்கள். அந்தக் கீழ்ப்படிப் போட்டிகள் வருஷ ஆரம்பத்தில் நம் பக்கம் வரும். சென்னை, பெங்களூரு, புனே, டெல்லி. நாலு வாரம், நாலு ஊர். பிரதானச் சுற்றில் முப்பத்திரண்டு பேர். அதில் பெரும்பாலான இடம் ரேங்கைப் பார்த்துப் போய்விடும். மீதி நாலு இடத்துக்கு முப்பத்திரண்டு பேர் முன்கூட்டியே வந்து தகுதிச் சுற்று ஆடுவார்கள். மூன்று ஆட்டம் ஜெயித்தால் உள்ளே. தோற்றால் வந்த வழியே கிளம்ப வேண்டியதுதான்.

எங்களுக்கும் அப்படி ஒரு தகுதிச் சுற்று உண்டு. சென்னைத் தகுதி ஆட்டங்களில் முப்பது கோட்டு நடுவர்கள் நிற்போம். அதைப் பார்த்துத் தாமோதரன் சார் ஏழு பேரைப் பொறுக்குவார். அந்த ஏழு பேரும் நாலு ஊருக்கும் அவரோடு போவார்கள். மற்றவர்கள் சென்னையோடு சரி.

எனக்கு அந்த ஏழில் ஒன்று வேண்டும். சுற்றி வளைக்காமல் சொல்கிறேன், அவ்வளவு ஆசையாக நான் எதையும் கேட்டதில்லை. கல்யாணம் வீட்டில் முடிவு செய்தது. வேலை தேர்வு வாரியம் கொடுத்தது. டென்னிஸ் தலைமையாசிரியரின் கண்கோளாறு கொடுத்தது. இது ஒன்றுதான் நானாக விரும்பியது. நான் ரயிலில் காட்பாடி தாண்டியதில்லை. முதல் வருஷம் லிஸ்ட்டில் பெயர் வரவில்லை. இரண்டாம் வருஷம் தகுதிச் சுற்றின் இரண்டாம் நாள் சார் என் பக்கம் வந்து, "ஏழாவதா உங்க பேரைத்தானுங் எழுதி வச்சிருக்கேன். நாளைக்குக் கடைசிச் சுத்து. பார்த்து நில்லுங்" என்று சொல்லிவிட்டுப் போனார். எனக்கு நிலை கொள்ளவில்லை. சந்தோஷத்தில் செய்யக் கூடாத ஒரு காரியத்தைச் செய்தேன். வீட்டுக்காரருக்குப் போன் போட்டு, நாளைக்கு வந்து பாருங்க என்றேன்.

வந்தார். காலை ரயிலைப் பிடித்து, ஒரு பையில் முறுக்கும் ஒரு பையில் மரவள்ளிக்கிழங்கும் எடுத்துக்கொண்டு. கிழங்கு தாமோதரன் சாருக்காம். நான் தங்கியிருந்த லாட்ஜ் ரூமில் முறுக்குப் பையை வைத்துவிட்டு, கிழங்குப் பையோடு நேராக மைதானத்துக்கு வந்து, எனக்குப் பின்னால் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்துகொண்டார்.

ஆடியவர்கள் இரண்டு பேர். வெளிநாட்டுப் பெயர்கள், வாயில் நுழையாது. நாங்கள் ஒருவரைக் குல்லா என்போம், தொப்பியைத் திருப்பிப் போட்டிருப்பார். இன்னொருவர் நெட்டை. காரணம் சொல்ல வேண்டியதில்லை. ஆளுக்கொரு செட் எடுத்து, மூன்றாவது செட் ஆறுக்கு ஆறு ஆகி, டை-பிரேக். அதில் குல்லா ஆறு, நெட்டை ஐந்து. இன்னும் ஒரு பாயிண்ட் எடுத்தால் குல்லா பிரதானச் சுற்றுக்குள். இரண்டரை மணி நேரமாக ஆடுகிறார்கள். மைதானத்தில் ஒரு சத்தமில்லை.

நெட்டை ஓங்கி அடித்த பந்து என் கோட்டுக்கு வந்துகொண்டிருந்தது. என் கண் கோட்டில் இருந்தது. கழுத்து ஆடவில்லை. எல்லாம் சரியாக இருந்தது.

"இந்தா மே! ரூம் சாவி எங்க?"

வீட்டுக்காரர்! அவருக்கு ஒன்றுக்கு வந்திருக்கிறது. மைதானத்தில் கழிப்பறை எங்கே என்று கேட்க வெட்கப்பட்டுக்கொண்டு லாட்ஜுக்கே போய்விடலாம் என்று எழுந்திருக்கிறார் மனுஷன்.

கல்யாணமான நாளிலிருந்து அவர் "இந்தா மே" என்றால் நான் "இன்னா" என்பேன். அதை நான் யோசித்துச் சொல்வதில்லை. தூக்கத்தில் கூப்பிட்டாலும் சொல்வேன். அடுப்பில் பால் பொங்கினாலும் திரும்பிப் பார்த்துச் சொல்லிவிட்டுத்தான் பாலைப் பார்ப்பேன். திரும்பினேன். மலைத் தொண்டையில் விட்டேன்:

"இன்னா?"

பந்து விழுந்த சத்தம் எனக்குப் பின்னால் கேட்டது. கோட்டை விட்டான் என்று ஊரில் சொல்வார்களே, அதை இவ்வளவு பொருத்தமாகச் செய்தவள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

திரும்பிப் பார்த்தால், குல்லா ஆட்டத்தை நிறுத்திவிட்டு மட்டையை வானத்துக்கு எறிந்துவிட்டார். நடுவர் வாயைத் திறந்தால் அவுட், ஆகவே ஜெயித்தாயிற்று என்று. நெட்டையோ வலையருகே ஓடிவந்து, "இன்! ஷீ செட் இன்!" என்று குதிக்கிறார். இரண்டு பேரும் மேல்நாற்காலியில் இருந்த போர்ச்சுகல்காரரைப் பார்த்தார்கள். என் கோடு அவருக்கு எதிர்ப்பக்கம். அவருக்குப் பந்து சரியாகத் தெரியவில்லை. அவர் என்னைப் பார்த்தார். சிமெண்டுத் தரை, பந்து விழுந்த தடமும் கிடையாது.

"மேடம், வாட் டிட் யூ சே?"

"இன்னா, சார்."

"இன்?"

"நோ சார். இன்னா."

"இன்... ஆர் நாட் இன்?"

"இன்னான்னா வாட், சார்."

"வாட்?"

"யெஸ் சார். வாட்."

"மேடம், ஐ ஆம் ஆஸ்கிங் யூ!"

"மீ ஆல்ஸோ ஆஸ்கிங், சார். மை ஹஸ்பெண்ட்."

பார்வையாளர் பக்கத்தில் தமிழ் தெரிந்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. போர்ச்சுகல்காரர் மைக்கைக் கையால் மூடிக்கொண்டு, மெதுவாக, சின்னப் பிள்ளைக்குச் சொல்வதுபோல் கேட்டார். சரி, நீ சொன்னது இருக்கட்டும். பந்து உள்ளேயா, வெளியேயா?

அந்த நேரத்தில் என் மனசு என்னவெல்லாம் கணக்குப் போட்டது என்று மறைக்காமல் எழுதுகிறேன். "அவுட்" என்று ஒரு வார்த்தை போதும். குல்லாவுக்குச் சந்தோஷம், ஆட்டம் முடிந்தது. முன்னால் கத்தியதையும் அவுட் என்றே கத்தினேன், வாய் குளறிவிட்டது என்று சமாளிக்கலாம். பாதிக்குப் பாதி அது உண்மையாகவும் இருக்கலாம். எதிரே தாமோதரன் சார் நோட்டைத் திறந்து வைத்திருக்கிறார். பெங்களூரு, புனே, டெல்லி. என் வாயில் "அவு" வரை வந்துவிட்டது.

ஆனால் மட்டை கீழே விழுந்தும் எடுக்காமல் குல்லா என் மூஞ்சியையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பக்கம் நெட்டையும். இரண்டு பேருமே என்னைத்தான் நம்பிக்கொண்டிருந்தார்கள். எந்த ஊரோ, எந்தத் தாய் பெற்ற பிள்ளைகளோ, சாவி தேடிய மனுஷனுக்காக இவர்களில் ஒருத்தனை நான் எப்படி அனுப்புவேன்?

பார்க்கவில்லை என்று சொல்ல எங்களுக்கு ஒரு சைகை உண்டு. பயிற்சியில் அரை நிமிஷத்தில் சொல்லி முடித்துவிடுவார்கள். ஆட்டக்காரர் குறுக்கே வந்து மறைத்துவிட்டால் செய்வது அது. இரண்டு கையையும் தூக்கிக் கண்ணைப் பொத்திக்கொள்ள வேண்டும். கோட்டைப் பார்க்க நிறுத்தியவள், ஆட்டத்தின் கடைசிப் பந்தில், அத்தனை பேர் முன்னால் கண்ணைப் பொத்திக்கொண்டேன். இருட்டுக்குள்ளே சிரிப்புச் சத்தம் மட்டும் கேட்டது.

பாயிண்டை மறுபடி ஆடச் சொன்னார்கள். குல்லா அந்தப் பாயிண்டையும் அதற்கடுத்த இரண்டையும் தோற்றார். போகும்போது என்னைப் பார்த்துத் தன் பாஷையில் என்னமோ சொன்னார். இந்தத் தடவை நான் யாரிடமும் போய்ச் சொல்லவில்லை.

வெளியே வந்தால் வீட்டுக்காரர் திருதிருவென்று முழித்துக்கொண்டு நிற்கிறார்.

"நான் சாவியத்தான் கேட்டேன்" என்றார்.

"சாவி எங்க இருந்துச்சு?"

சட்டைப்பையைத் தொட்டுக் காட்டினார். அவருடைய சட்டைப்பை. அங்கே வைத்தே நாலு வார்த்தை கேட்டேன். அதெல்லாம் மலரில் போட முடியாது.

"லிஸ்ட் போயிடுச்சா?" என்று கேட்டார். போயிடுச்சு என்றேன். கிழங்குப் பையை என் கையில் கொடுத்து, "இதையாவது அவர்கிட்ட குடுத்துட்டு வா, அம்மாந் தூரம் தூக்கியாந்தேன்" என்றார்.

சாயங்காலம் தாமோதரன் சார் அறைக்குப் போனேன். அவர் ஏதோ எழுதிக்கொண்டிருந்தார். பையை மேஜைமேல் வைத்தேன்.

"என்னங் இது?"

"கெழங்கு சார். எங்க கொல்லையில வெளஞ்சது. நான் கெளம்பறேன் சார்."

"எங்கீங் கெளம்பறீங்க?"

அவர் நோட்டைத் திருப்பி என் பக்கம் தள்ளினார். ஒன்றிலிருந்து ஏழுவரை பெயர்கள். ஏழாவதாக என் பெயர், அதன் குறுக்கே ஒரு கோடு. நல்ல அழுத்தமான கோடு. தெரிந்த விஷயம்தான்.

"நீங்க வாயைத் தொறந்ததும் அடிச்சுப்போட்டேனுங்" என்றார். "ஆட்டத்துக்கு நடுவுல பொண்டாட்டியா பதில் சொல்ற ஆளைக் கூட்டிக்கிட்டு நான் டெல்லிக்குப் போக முடியாதுங். போர்ச்சுகல்காரர் உங்களைக் கேட்டாரில்லீங், அப்ப நீங்க அவுட்டுன்னு சொல்லுவீங்கன்னு நெனச்சேன். நானா இருந்தா சொல்லியிருப்பனுங். பொய் சொல்றவங்க பேரை அடிச்சா அடிச்சதுதானுங். ஆனா நீங்க கண்ணைப் பொத்திட்டீங்க. அதுக்குக் கீழயும் கொஞ்சம் பாருங்."

பார்த்தேன். கோட்டுக்குக் கீழே, ஏழாவதாகவே, மறுபடியும் என் பெயர். அவசரமாக எழுதியிருந்தார், 'ணி'யில் சுழி கூட சரியாக விழவில்லை. மைதானத்தில் உட்கார்ந்தபடியே எழுதியிருக்கிறார்.

எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்துவிட்டது. மேலதிகாரி முன்னால் அழுகிறோமே என்ற வெட்கத்தில் இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டேன்.

பிறகு, அவருடைய அதே தணிந்த குரலில், அதே மரியாதையோடு கேட்டார்:

"ஏனுங் அம்மணி, இப்ப எதைங் பாக்கலீங்க?"